பூவுக்கும் பிட்டுக்கும் நடுவுல

நம்ம படங்கள்ல முதலிரவுன்னா உங்களுக்கு என்ன ஞாபகம் வருது? மல்லிகைச் சரம் தொங்குற கட்டில், பழத்தட்டு, ஊதுபத்தி, பால் சொம்போட தலைகுனிஞ்சு வர்ற பொண்ணு. விளக்கு அணையும். உடனே ரெண்டு பூ உரசும். விடிஞ்சா கலைஞ்ச குங்குமம்!

அந்தப் பூ எப்படி வந்துச்சுன்னு பார்ப்போம்.

1918-ல் பிரிட்டிஷ் அரசு சினிமாச் சட்டம் கொண்டுவந்தது. 1920-ல் மெட்ராஸ், பம்பாய், கல்கத்தா, ரங்கூன்ல தணிக்கை வாரியங்கள். பொறுப்பு யார்கிட்ட தெரியுமா? போலீஸ் அதிகாரிகள்கிட்ட. ஆனா அந்தக் காலத்துப் படத்துல முத்தம் இருந்துச்சுங்க! 1933-ல் வந்த 'கர்மா'வுல ஹிமான்சு ராயும் தேவிகா ராணியும் முத்தமிட்டாங்க. நிஜத்துலயும் அவங்க கணவன் மனைவி.

சுதந்திரத்துக்கு அப்புறம் 1952 சட்டம். கெடுபிடி கூடிச்சு, முத்தம் அரிதாச்சு, பூவும் புறாவும் வந்துச்சு. கதைக்குத் தேவைன்னா முத்தத்தை அனுமதிக்கலாம்னு 1969-ல் கோஸ்லா கமிட்டி சொன்னது. கே.ஏ. அப்பாஸ் வழக்குல 1970-ல் உச்ச நீதிமன்றம் தணிக்கை செல்லும்னு தீர்ப்பளிச்சாலும், பாலுறவும் ஆபாசமும் எப்பவும் ஒண்ணு இல்லைன்னும் சேர்த்தே சொல்லுச்சு. யார் கேட்டாங்க?

இங்கதான் சின்ன பட்ஜெட் படங்கள் வழி கண்டுபிடிச்சது. பெரிய ஹீரோ கிடையாது, செட்டுக்குக் காசு கிடையாது. ஒரு ரூம், ஒரு கட்டில் போதும். கழுத்துல தாலி இருக்கிறதால காட்சிக்கு ஒரு நியாயமும் கிடைச்சிடும். 2000-ல் வந்த ஷகீலாவோட 'கின்னாரத்தும்பிகள்' மாதிரி மலையாளப் படங்கள் மொழி மாறி ஊர் ஊரா ஓடின காலம் உங்கள்ல பலருக்கு ஞாபகம் இருக்கும் (லைக் போட வேண்டாம், புரியுது).

அடுத்தது பிட்டு. 35 மி.மீ. பிலிம் நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். படத்துக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு துண்டை சில தியேட்டர்கள்ல நடுவுல ஒட்டி ஓட்டுவாங்க. சோதனைக்கு ஆள் வந்தா அந்தத் துண்டு இருக்காது. சர்டிபிகேட் வாங்கின படத்துல இப்படிக் கை வைக்கிறது ஜெயிலுக்குப் போற குற்றம். டிஜிட்டல் வந்து பிலிமே போனப்புறம்தான் அந்த வித்தை ஓஞ்சது.

ஒரு பக்கம் பூ, மறுபக்கம் பிட்டு. நடுவுல ரெண்டு மனுஷங்க பயந்துக்கிட்டு, பேசிக்கிட்டு, தயங்கிக்கிட்டு இருக்கிற காட்சியை வெட்ட வேண்டிய அவசியமே வரல. யாரும் அதை எடுக்கவே இல்லையே!

அந்த இடத்துலதான் நோயாளிகள் எங்ககிட்ட வர்றாங்க. "ரத்தமே வரல டாக்டர், அவருக்குச் சந்தேகம்." முதல் உறவுல எல்லாப் பெண்களுக்கும் ரத்தம் வராது. கன்னித்திரையைப் பார்த்து எந்த டாக்டராலும் ஒண்ணும் சொல்ல முடியாது. எங்க தடயவியல் பாடத்துலயே 'கன்னித்தன்மை அடையாளங்கள்' இருந்துச்சு. அது அறிவியல் இல்லைன்னு சொல்லிக்கொடுக்கணும்னு 2022-லதான் தேசிய மருத்துவ ஆணையம் பாடத்தை மாத்தினது.

களைப்புல முதல் ராத்திரி தூங்கிட்டா அது நோய் இல்லை. ஆனா பல மாசமாகியும் வலியாலயோ பயத்தாலயோ உறவே முடியலைன்னா, பெண்ணோட தசைகள் தானா இறுகிக்கிறது காரணமா இருக்கலாம், பதற்றத்துல ஆணுக்கு விறைப்பு வராததும் இருக்கலாம். ரெண்டுக்கும் சிகிச்சை உண்டு. ரெண்டு பேரும் சேர்ந்தே வாங்க, மாமியாரை வெளிய உக்கார வைங்க.