கூத்தைப்பார் சாலையும் கான் சாகிபின் அரிசி மூட்டைகளும்

கணினி விளையாட்டைப் பற்றி இந்தப் பக்கத்தில் எழுத நேரும் என்று நாம் கனவிலும் நினைத்ததில்லை. திருவானைக்காவில் நண்பர் ஒருவர் வீட்டில் மதிய உணவுக்குப் பிறகு சாய்ந்திருந்தபோது, அவருடைய மகள் கணினித் திரைக்கு முன் அமர்ந்து ஒரு மாயாஜால உலகில் சஞ்சரித்துக் கொண்டிருந்தாள். வீரன், வில்லாளி, மந்திரவாதி என்று பலர் இருக்க, அவள் தேர்ந்தெடுத்திருந்ததோ கையில் ஒரு கோலும் தோளில் ஒரு பையும் மட்டுமே கொண்ட ஓர் எளிய உருவத்தை. காரணம் கேட்டோம்.

"முதல் பத்துப் படி வரைக்கும் இவனால ஒரு எலியைக் கூடக் கொல்ல முடியாது மாமா. ஆனா இவன் இல்லேன்னா கூட வர்ற நாலு பேரும் பாதி வழியிலேயே செத்துடுவாங்க" என்றாள்.

இத்தகைய பாத்திரத்துக்கு அவ்வுலகில் 'சப்போர்ட்' என்று பெயராம். துணைவன் என்று நாம் சொல்லிக் கொள்ளலாம். பிறரைப் போல் வாள்வீச்சில் புள்ளிகளைச் செலவிடாமல், தாக்குப்பிடிக்கும் வலிமையிலும் வழியறிவிலும் மருந்திலும் தொடக்கத்திலேயே செலவிட வேண்டும். அதுவரை பொறுமைதான் ஆயுதம். இவ்வகை விளையாட்டுகளுக்கெல்லாம் மூலமான, 1974-இல் அமெரிக்காவில் வெளிவந்த 'டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' விதிகளைப் பின்னர் தேடிப் படித்தோம். அதில் பிறரைக் குணப்படுத்த வேண்டிய சமயத் தொண்டனுக்கு முதற்படியில் ஒரு மந்திரம் கூடக் கிடையாது. இரண்டாம் படியை எட்டினால்தான் முதல் மந்திரம் கைவரும். மேசை மீது பொம்மைப் படைகளை நிறுத்திப் போர் நடத்திய விளையாட்டுக்காரர்களிடமிருந்து பிறந்தது அது. அதனால்தானோ என்னவோ, படையின் வயிற்றைப் பற்றிய கவலை அதன் பிள்ளை பேரப்பிள்ளைகளிடமும் தங்கிவிட்டது.

அன்று மாலை திருவெறும்பூர் போகும் வழியில் பொன்மலையைக் கடந்தபோது எங்கள் பேச்சு தானாகவே 1754-ஆம் ஆண்டுக்குத் திரும்பியது. துணைவனாகத் தொடங்கிய ஒருவனின் கதைக்கு இந்த வெளியை விடப் பொருத்தமான இடம் தமிழகத்தில் வேறில்லை.

முகமது யூசுப் கான் என்றதும் வாசகர்களுக்கு என்னென்ன நினைவுக்கு வரும்? மருதநாயகம் என்ற பெயர், 1997-இல் இங்கிலாந்து அரசி முன்னிலையில் தொடங்கி இன்றுவரை நிறைவுறாத திரைப்படம், மதுரைக் கோட்டை, தூக்குமரம். நாட்டுப்புறப் பாடலான 'கான்சாகிபு சண்டை'யைப் பேராசிரியர் நா. வானமாமலை பதிப்பித்ததை அறிந்தவர்களுக்கு அப்பாடலும் நினைவுக்கு வரலாம். எல்லாமே கதையின் பிற்பகுதியைச் சேர்ந்தவை. இராமநாதபுரம் சீமையின் பனையூரில் பிறந்து, ஒரு சிறு சிப்பாய்க் கூட்டத்துடன் காவேரிப்பாக்கப் போருக்குச் சற்று முன்னர் கிளைவின் படையில் சேர்ந்த இளைஞன், பெரும் பெயர் பெற்றது எந்தக் கோட்டையையும் பிடித்து அன்று. அரிசி கொண்டுவந்து.

பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். ஆற்காட்டு நவாபு பதவிக்கு முகமது அலியும் சந்தா சாகிபும் போட்டியிட்டனர். முன்னவருக்கு ஆங்கிலேயரும் பின்னவருக்குப் பிரெஞ்சுக்காரரும் துணை. 1752-இல் சந்தா சாகிபின் படை திருவரங்கத்திலும், லா என்பவரின் பிரெஞ்சுப் படை திருவானைக்காவிலும் அடைபட்டன. பாண்டிச்சேரியிலிருந்து உணவும் உதவியும் வரும் வழியைச் சமயபுரத்தில் கிளைவ் அடைத்தார். மதில்கள் இடிந்து அல்ல, பசியாலும் தனிமையாலுமே தீவு வீழ்ந்தது. சந்தா சாகிபின் தலை கொய்யப்பட்டது. அத்துடன் முடிந்திருக்க வேண்டும். ஆனால் உதவிக்கு வந்த மைசூர் தளவாய் நஞ்சராஜருக்குத் திருச்சியையே தருவதாக முகமது அலி வாக்களித்திருந்தார். வாக்குக் காற்றில் போகவே, மைசூர்ப்படை பகையாகித் திருவரங்கத்தில் நிலைகொண்டது. அரங்கனின் புறச்சுற்றுகள் மீண்டும் பாசறையாயின. மராட்டியர் முராரி ராவும் பிரெஞ்சுக்காரரும் அவர்களுடன் சேர்ந்தனர். இம்முறை பசியின் முறை திருச்சிக் கோட்டைக்கு.

இங்கே ஒரு நிகழ்ச்சி. சமகால வரலாற்றாசிரியரான இராபர்ட் ஆர்ம் பதிவு செய்திருப்பது. கோட்டைக்குப் பொறுப்பாக இருந்த கேப்டன் டால்டன், மாதக்கணக்கில் தாங்கும் தானியம் களஞ்சியத்தில் இருப்பதாக நம்பிக் கொண்டிருந்தார். 1753 வசந்தத்தில் கணக்குக் கேட்டபோதுதான், களஞ்சியத்தைக் காத்த நவாபின் மைத்துனர் அதை நல்ல விலைக்கு ஊராருக்கு விற்றுத் தீர்த்திருந்தது தெரியவந்தது. மிச்சமிருந்தது பதினைந்து நாள் அரிசி. ஓர் அரசின் விதி எங்கே தீர்மானிக்கப்படுகிறது என்று நம்மைக் கேட்டால், அரியணை மண்டபத்தை அல்ல, இந்தக் களஞ்சியக் கதவைத்தான் காட்டுவோம்.

மேஜர் லாரன்ஸ் விரைந்து வந்தார். 1753 ஜூன் 26-இல் பொன்மலையில் வென்றார். ஆகஸ்டிலும் செப்டம்பரிலும் வென்றார். ஆயினும் வெற்றி எதுவும் ஒரு படி அரிசியாக மாறவில்லை. சுற்றுப்புற வயல்கள் பாழ், காவிரிக்கரை பகைவரிடம். ஊர்மக்கள் வெளியேறினர். ஓராண்டுக்கு முன் ஏறத்தாழ நான்கு இலட்சம் பேர் வாழ்ந்த நகரில் காவற்படையும் கைவினைஞருமாக இரண்டாயிரம் பேருக்கு மேல் எஞ்சவில்லை என்கிறார் ஆர்ம். நான்கு இலட்சம் என்பதில் மிகை இருக்கலாம். வெறிச்சோடிய வீதிகளில் மிகை இருக்க வழியில்லை. சின்னக் கடைவீதியின் நெரிசலில் நிற்கும்போதெல்லாம் நமக்கு இந்த எண் நினைவுக்கு வரும்.

அரிசி இரு திசைகளிலிருந்து வரக்கூடும். கிழக்கே தஞ்சையிலிருந்து திருக்காட்டுப்பள்ளி வழியாக. தெற்கே புதுக்கோட்டைத் தொண்டைமானின் காடுகளிலிருந்து. கிழக்கு வழியின் கதை 1754 பிப்ரவரி 15-இல் முடிந்தது. அன்று கூத்தைப்பார் அருகே வந்துகொண்டிருந்த வண்டித்தொடரை முராரி ராவின் குதிரைப்படையும் மைசூர்க் குதிரைப்படையும் சூழ்ந்தன. காவலுக்கு வந்தவர்களில் பலர் லாரன்சின் முந்தைய வெற்றிகளை ஈட்டித் தந்த கிரனேடியர்கள், படையின் மிகச் சிறந்த வீரர்கள். அவர்களை ஒரே அணியாக நிறுத்தாமல் வண்டிகளின் நெடுகிலும் பிரித்து நிறுத்தியிருந்தார் தலைவர். ஒருவர் மிஞ்சாமல் இறந்தனர் அல்லது சிறைப்பட்டனர். தாக்கியோரில் ஹைதர் அலி என்ற மைசூர்த் தளபதியும் இருந்தார். பிற்காலத்தில் அவர் யார் ஆனார் என்பதை நாம் சொல்லத் தேவையில்லை.

இந்த இடத்தில்தான் யூசுப் கான் கதைக்குள் வருகிறார். தெற்கு வழியின் பொறுப்பு அவருடையதாயிற்று.

அவர் செய்தது என்ன? பகைவரின் நடமாட்டத்தை ஒற்றர்கள் மூலம் ஓயாமல் தெரிந்து வைத்துக்கொண்டார். ஒரே வழியில் இருமுறை வரவில்லை. ஒரே நேரத்திலும் வரவில்லை. காட்டிலிருந்து மூட்டைகள் எப்போது புறப்படும், எந்த ஏரிக்கரை வழியாக நகரை அடையும் என்பது கடைசி வரை அவர் மனத்தில் மட்டுமே இருந்தது. விளைவாக மூன்று மாத காலம் ஒரு தொடர் கூடப் பகைவர் கையில் சிக்கவில்லை. துணிவும் நிதானமும் தந்திரமும் நாட்டின் தடமெல்லாம் அறிந்த அறிவும் ஒருங்கே வாய்த்தவர் என்று ஆர்ம் அவரைப் புகழ்வது இச்சூழலில்தான். கிரனேடியர்கள் அத்தனை பேர் உயிர்கொடுத்தும் முடியாததை, வாளை உறையிலிட்டுக் கொண்டே செய்தவர் அவர். லாரன்சின் பரிந்துரையால் அவ்வாண்டிலேயே கும்பினியின் சிப்பாய்கள் அனைவருக்கும் தலைவரானார்.

ஒரு துணைவனின் மதிப்பை அவனுடைய நண்பர்கள் காட்டிலும் பகைவர்கள்தாம் துல்லியமாக அறிவார்கள் போலும். லாரன்சின் மொழிபெயர்ப்பாளரான பொன்னியப்பன் மைசூர் தளவாயிடம் இரகசியமாக விலைபோனார். அவர் சொன்ன யோசனை இது: அரிசி கொண்டுவரும் திறமை யூசுப் கான் ஒருவருக்கே உண்டு; அவரை அகற்றினால் நகரம் தானே விழும். கொலையாளியை அனுப்பவில்லை. யூசுப் கான் கோட்டையைக் காட்டிக்கொடுக்க உடன்பட்டது போல் ஒரு பொய்க் கடிதத்தை எழுதி, அது ஆங்கிலேயர் கண்ணில் படும்படி செய்தார்கள். யூசுப் கான் சிறை வைக்கப்பட்டார். விசாரணை நடந்தது, கடிதத்தின் சூது வெளிப்பட்டது. பொன்னியப்பனைப் பீரங்கி வாயில் கட்டிச் சுட்டார்கள். மொழியறிந்தவன் கையில் ஒரு நகரத்தின் உயிர் இருந்த காலம் அது. துபாஷிகளைப் பற்றித் தனியே எழுத வேண்டும், எழுதுவோம்.

மே 12-ஆம் நாள் நிகழ்ந்ததையும் சொல்லாமல் விட மனமில்லை. தொண்டைமான் காட்டிலிருந்து வரும் தொடரை எதிர்கொள்ள கேப்டன் கலியோ இரவிலேயே புறப்பட்டார். தங்க நினைத்த ஏரியை விடிவதற்குள் அடைய வேண்டும். முன்னே வழிபார்க்கப் போன யூசுப் கானின் குதிரை ஒரு மேட்டில் ஏறியதும் துள்ளிக் கனைத்தது. இருளிலிருந்து வேறு குதிரைகள் மறுகனைப்புக் கனைத்தன. பிரெஞ்சுக்காரர் அதே ஏரிக்கரையில் பதுங்கியிருந்தனர்! நோயால் படுத்திருந்த லாரன்ஸ் கோட்டை வாயிலின் மேல் தம்மைத் தூக்கிச் செல்லச் சொல்லி அங்கிருந்து சண்டையைப் பார்த்தாராம். கடுமையான போருக்குப் பின் ஆங்கிலப்படை நகருக்கு மீண்டது. அரிசித் தொடரோ, துப்பாக்கி ஒலி கேட்டதும் காட்டுக்குள்ளேயே திரும்பிவிட்டது; ஒரு மூட்டையும் இழப்பில்லை.

சினம் கொண்ட பிரெஞ்சுத் தளபதி மேன்வில் தொண்டைமான் சீமைக்குள் புகுந்து ஊர்களைக் கொளுத்தினார். மக்கள் கால்நடைகளோடு முன்பே அடர்காட்டுக்குள் போய்விட்டதால் கொளுத்தியவை வெற்று வீடுகள். பிறகு கோவிலடியைப் பிடித்துத் தஞ்சைக்கு நீர் சேராதபடி காவிரிக் கரையை வெட்டினார். அவ்வாண்டு அக்டோபரில் ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் போர் நிறுத்தம் செய்துகொண்டார்கள். திருச்சி விழவில்லை.

இதுவரை எழுதியதைப் படித்த எங்கள் குழுவின் நண்பர் ஒருவர் ஒரு கேள்வியை எழுப்பினார். யூசுப் கான் யாருக்குத் துணைவர்? அந்த அரிசி வராமல் இருந்திருந்தால் திருச்சி 1754-இலேயே கும்பினியின் கையை விட்டுப் போயிருக்கும்; தென்னகத்தின் வரலாறே வேறு தடத்தில் சென்றிருக்கக்கூடும். அப்படியிருக்க அவரை விடுதலை வீரர் என்று கொண்டாடுவோர் இந்த மூன்று மாதங்களை எங்கே வைப்பார்கள்? நியாயமான கேள்வி. நம் விடை இதுதான்: மறைக்காமல் வைக்க வேண்டும். 1763-இல் கும்பினியையும் நவாபையும் எதிர்த்து நின்றவர், அவர்களை அங்கே நிலைநிறுத்திய அதே மனிதர். கூத்தைப்பார் சாலையை விட்டுவிட்டு மதுரைக் கோட்டையை மட்டும் எழுதினால் நமக்குக் கிடைப்பது ஒரு பொம்மை. தவிர, அந்த மூட்டைகளைச் சுமந்த மாடுகளை ஓட்டியவர்கள், வழிகாட்டிய காட்டுவாசிகள், வீடு எரிந்த தொண்டைமான் குடிகள் ஆகியோர் பெயர் எந்த ஏட்டிலும் இல்லை. துணைவனுக்கும் துணைவர்கள் உண்டு.

எஞ்சியதை வாசகர்கள் அறிவார்கள். 1758 இறுதியில் லாலி சென்னையை முற்றுகையிட்டபோது யூசுப் கான் வெளியிலிருந்து பிரெஞ்சுக்காரரின் உணவு வழிகளை அலைக்கழித்தார். திருச்சியில் கற்ற பாடத்தைத் தலைகீழாக நடத்திக் காட்டினார் என்று சொல்லலாம். பின்னர் மதுரை, திருநெல்வேலிச் சீமைகளின் ஆட்சி. பின்னர் பகை, முற்றுகை. உள்ளே பஞ்சம் முற்றிய நேரத்தில் அவருடைய ஆட்களே அவரைக் கட்டி ஒப்படைத்தார்கள். தம்முடைய கோட்டைக்குள் அரிசி கொண்டுவர ஒரு யூசுப் கான் அவருக்கு வாய்க்கவில்லை.

1764 அக்டோபர் 15-இல் மதுரையில் தூக்கிலிடப்பட்டார். சம்மட்டிபுரத்துப் பள்ளிவாசலில் அவர் உடல் அடங்கியிருக்கிறது. தலையைத் துண்டித்துத் திருச்சிக்கு அனுப்பினார்கள் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. பத்தாண்டுகளுக்கு முன் அவருடைய மூட்டைகளும் தெற்கிலிருந்துதான் வந்தன.