பெரிய வீட்டுப் பிள்ளைகள்

மலையகத்தில் பிரபுக்கள் குடும்பம் என்று ஒன்றைத் தேடினால், துரை பங்களாவை விட்டுவிட்டுப் பெரிய கங்காணியின் வீட்டைத்தான் காட்டவேண்டும். தமிழகத்துக் கிராமங்களில் ஆள் திரட்டி, முன்பணம் கொடுத்து, கடனோடு தோட்டத்திற்கு அழைத்து வந்தவர் அவர். வேலைக்கு நின்ற ஒவ்வோர் ஆளுக்கும் அவருக்குத் தலைக்காசு கிடைத்தது. தொழிலாளி வேறு தோட்டத்திற்குப் போகவேண்டுமானால் கடன் தொகை எழுதிய ‘துண்டு’ வேண்டும். ஆள் கைமாறியதா, கடன் கைமாறியதா என்று பிரித்துச் சொல்ல முடியாது. துண்டு முறையை 1921இல் சட்டம் ஒழித்தது. கங்காணியின் செல்வாக்கு அத்தோடு போய்விடவில்லை.

வட்டகொடை மடக்கும்புரைத் தோட்டத்தில் 1914இல் பிறந்த ஸி.வி. வேலுப்பிள்ளை அப்படியொரு பெரிய கங்காணிக் குடும்பத்துப் பிள்ளை. சௌமியமூர்த்தி தொண்டமானின் தந்தை கருப்பையாவோ கூலியாக வந்து கங்காணியாகி, றம்பொடைப் பக்கத்து வேவண்டன் தோட்டத்தையே விலைக்கு வாங்கியவர். 1939இல் நேருவின் வருகையோடு இலங்கை இந்தியக் காங்கிரஸ் பிறந்தபின், லயத்து மக்கள் நம்பிக்கை வைத்தது இத்தகைய வீட்டுப் பிள்ளைகள் மீதுதான். கடன் கொடுத்தவன் வீட்டுப் பிள்ளையைக் கடன்பட்டவன் ஏன் நம்பினான்? துரையோடு ஆங்கிலத்தில் சரிசமமாகப் பேசக்கூடியவர், வேலை போய்விடுமென்று அஞ்சவேண்டாதவர், லயத்துக் காம்பராவிலிருந்து அன்று எளிதில் வந்துவிட முடியாது. எனக்குத் தெரிந்த விடை இதுதான்.

1947 தேர்தலில் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. தலவாக்கலையில் வேலுப்பிள்ளை, நுவரெலியாவில் தொண்டமான். அந்த நம்பிக்கை நிலைத்தது ஓராண்டுதான். 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் பெருந்தொகையான தோட்ட மக்களை நாடற்றவர்களாக்கியது. 1949இல் வாக்குரிமையும் போயிற்று. 1952இல் கொழும்பில் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். சட்டம் அசையவில்லை. 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. மிகுதி 1,50,000 பேரின் விதியைப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று விட்டார்கள்.

இதற்கிடையில் காங்கிரஸும் பிளவுபட்டிருந்தது. 1956இல் ஜனநாயகத் தொழிலாளர் காங்கிரஸைத் தொடங்கிய அப்துல் அஸீஸ் கங்காணி மரபினர் அல்லர். லயத்தில் பிறந்தவரும் அல்லர். அவரைப் பற்றி நம் இதழ்களில் வந்தவை மிகக் குறைவு. வருத்தமாகத்தான் இருக்கிறது.

பதவி இழந்த வேலுப்பிள்ளை தொழிற்சங்கத்தோடு எழுத்தையும் பிடித்துக்கொண்டார். தோட்ட மக்களின் வாய்மொழிப் பாடல்களைத் தேடித் தொகுத்தார். அவற்றில் கங்காணியை ஏசும் பாடல்களும் உண்டு. பெரிய கங்காணி வீட்டுப் பிள்ளை அவற்றை ஒதுக்கிவிடவில்லை.