இரண்டு பூட்டுகள்

கொடுமைக்கு ஆளான பெண் காவலரிடம் முறையிடலாமே என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். முறையிடும் மொழி அறியாதவள் என் செய்வாள்? முறையிட்டால் நாட்டினின்றே வெளியேற்றப்படுவோம் என அஞ்சுபவள் என் செய்வாள்? அமெரிக்க ஐக்கிய நாடுகளில் வாழும் லத்தீன் அமெரிக்க வழிவந்த பெண்கள் பலரின் வாயிலில் இவ்விரு பூட்டுகளும் தொங்கின. அவை திறக்கப்பட்ட வரலாற்றையே இன்று கூற விழைகிறேன்.

முதற் பூட்டைத் திறக்க முனைந்தோர் அக்கம்பக்கத்து மக்களே. 1973-இல் சிகாகோ நகரின் பில்சன் பகுதியில் 'முஹேரெஸ் லத்தீனாஸ் என் அக்சியோன்' என்னும் மகளிர் அமைப்பு தோன்றியது. 1977-இல் பாஸ்டன் நகரில் 'காசா மிர்னா வாஸ்கெஸ்' என்னும் புகலிடம் எழுந்தது. காசா என்றால் வீடு. மிர்னா வாஸ்கெஸ் போர்ட்டோ ரிக்கோ நடிகை, சமூகத் தொண்டர். போர்ட்டோ ரிக்கோ மக்கள் 1917 முதல் அமெரிக்கக் குடிமக்கள்; நாடு கடத்தப்படும் அச்சம் அவர்களுக்கு இல்லை. ஆயினும் மொழி குறுக்கே நின்றது. துன்பத்தைத் தாய்மொழியில் கேட்கும் செவி ஒன்று கிடைப்பதே பெரும் உதவியன்றோ?

இரண்டாம் பூட்டு சட்டத்தால் அமைந்தது. குடியேறிய மனைவிக்காகக் கணவனே விண்ணப்பிக்க வேண்டியிருந்தது. பொய்த் திருமணங்களைத் தடுக்க 1986-இல் இயற்றப்பட்ட சட்டம், புதுமணப் பெண்ணுக்கு இரண்டாண்டு நிபந்தனை உரிமையே அளித்தது. அது நிலைபெறப் பொதுவாக இருவரும் சேர்ந்தே கையொப்பமிட வேண்டும். அடிக்கும் கையே கையொப்பமும் இட வேண்டியதாயிற்று! "உன்னை அனுப்பிவிடுவேன்" என்னும் ஒரு சொல்லே அவளை அடக்கப் போதுமானதாக இருந்தது.

1990-இல் இக்கூட்டு விண்ணப்பத்திலிருந்து கொடுமைக்குள்ளானோர்க்கு விலக்கு கிடைத்தது. 1994-இல் இயற்றப்பட்ட பெண்களுக்கெதிரான வன்முறைச் சட்டம், குடிமகனையோ நிரந்தர உரிமை பெற்றவனையோ மணந்து துன்புற்றவள், அவன் அறியாமலே தானே விண்ணப்பிக்க வழி செய்தது. மணமாகாமல் காதலனால் துன்புற்றவளுக்கு? 2000-ஆம் ஆண்டுச் சட்டம் 'யூ விசா'வைப் படைத்தது. குற்ற விசாரணைக்குத் துணை நிற்பவர் மணமாகாதவராயினும் அதனைக் கோரலாம். ஆனால் ஆண்டுக்கு 10,000 பேருக்கே அது என வரம்பிட்டதால், பின்னர் விண்ணப்பங்கள் குவிந்து பல்லாண்டுக் காத்திருப்பு நேர்ந்தது.

இவ்வரலாற்றில் நான் காணும் உண்மை ஒன்றுண்டு. சட்டம் உரிமையைத் தரும். அதனை அவள் மொழியில் எடுத்துரைத்து, உடன் நடந்து செல்ல ஒரு துணை வேண்டும். நாளை நீங்கள் வழக்கறிஞராகலாம், மருத்துவராகலாம், ஆசிரியராகலாம். அஞ்சி நிற்கும் ஒருத்தி உங்கள் முன் வரும்போது, முதலில் அவள் மொழியில் பேசுங்கள்.