பாம்பென்று அடிக்கப்படும் தவளையின் உறவு

மலையகத்தில் கான் வெட்டும்போதோ மரக்கறித் தோட்டம் கொத்தும்போதோ, மண்ணோடு புரண்டு வெளியே வந்து நெளியும் வழுவழுப்பான உயிர் ஒன்று உண்டு. கருநாவல் நிற உடம்பு. இரு பக்கமும் தலையிலிருந்து வால்வரை ஒரு மஞ்சள் கோடு. கண்டவர் கை முதலில் தேடுவது தடியைத்தான். தோட்டங்களில் இருக்கும் என் உறவினர்களிடம் இதைப்பற்றி விசாரித்தேன். ஒருவர் பாம்புக் குட்டி என்றார். மற்றவர் பெரிய மண்புழு என்றார். உண்மையில் அது தவளைக்கு உறவு. விலங்கியலில் அதன் பெயர் சிசிலியன்.

மூன்றாவது கூட்டம்

ஈரூடகவாழிகளில் இன்று மூன்று கூட்டங்கள் உள்ளன. தவளை, தேரைகள் ஒன்று. வாலுள்ள சலமந்தர்கள் இன்னொன்று. கால்களே இல்லாத சிசிலியன்கள் மூன்றாவது. ஆசியா, ஆபிரிக்கா, மத்திய, தென் அமெரிக்கா ஆகியவற்றின் வெப்பவலயப் பகுதிகளில் 200க்கும் மேற்பட்ட சிசிலியன் இனங்கள் வாழ்கின்றன. இவற்றின் முன்னோருக்குக் கால்கள் இருந்தன. அமெரிக்காவின் அரிசோனாவில் கிடைத்த, ஜுராசிக் காலத்து 'எயோசிசிலியா' என்னும் புதைபடிவத்தில் சின்னஞ்சிறு கால்களைக் காணலாம்.

இலங்கையில் மூன்று இனங்கள் உள்ளன. மூன்றும் 'இக்தியோபிஸ்' என்ற பேரினத்தைச் சேர்ந்தவை. மூன்றும் இந்தத் தீவைத் தவிர வேறெங்கும் இல்லாதவை. மஞ்சள் கோடுடைய 'இக்தியோபிஸ் குளுட்டினோசஸ்' 1758ஆம் ஆண்டிலேயே லின்னேயசால் பெயரிடப்பட்டது. மலைக்காட்டு மண்ணில் மட்டுமல்ல, ஈரவலயத்தின் வயலோரங்களிலும் வீட்டுத் தோட்டங்களிலும் இது வாழ்கிறது.

இருட்டுக்கு ஏற்ற உடம்பு

மண்ணைத் துளைத்துப் போவதற்காக இதன் மண்டையோடு இறுகிக் கெட்டிப்பட்டுள்ளது. கண்களைத் தோல் மூடியிருப்பதால் வெளிச்சத்தையும் இருட்டையும் பிரித்தறிவதற்கு மேல் அவற்றால் பெரிதாக ஒன்றும் இயலாது. அந்தக் குறையை ஈடுசெய்வது கண்ணுக்கும் மூக்குத் துளைக்கும் இடையே நீண்டு சுருங்கும் ஓர் உணர்கொம்பு. மண்ணுக்குள் வாசனையையும் தொடுகையையும் அறிய உதவும் இந்த உறுப்பு வேறெந்த முதுகெலும்பு விலங்கிலும் இல்லை. மண்புழு, கறையான், எறும்பு போன்றவை இதன் உணவு.

முட்டையைச் சுற்றிய தாய்

இந்த உயிரைப்பற்றி உலகம் விரிவாக அறிந்துகொண்டதற்கு இலங்கைதான் காரணம். சுவிற்சர்லாந்தின் பாசல் நகரைச் சேர்ந்த போல் சரசின், பிரிட்ஸ் சரசின் என்ற உறவினர் இருவர் 1883 முதல் 1886 வரை இங்கு தங்கி ஆய்வு செய்தனர். குளுட்டினோசஸ் முட்டையிலிருந்து வளரும் விதத்தை ஒவ்வொரு கட்டமாக வரைந்து அவர்கள் வெளியிட்டார்கள். தாய் நீரோடைக்கு அருகே ஈர மண்ணில் வளை செய்து முட்டையிடுகிறது. பிறகு தன் உடம்பால் அவற்றைச் சுற்றி வளைத்துக் காவல் கிடக்கிறது. பொரித்த குஞ்சுகள் நீருக்குச் சென்று, வாலில் துடுப்போடு சில காலம் வாழ்ந்து, உருமாறிய பின்னரே மண்ணுக்குத் திரும்புகின்றன.

ஆகவே ஓடைக்கரையில் மண்வெட்டி பட்டு வெளிவரும் ஒன்று, முட்டைக்குக் காவலிருந்த தாயாகவும் இருக்கலாம்.

கண்ணில் படாத இழப்பு

19ஆம் நூற்றாண்டில் முதலில் கோப்பிக்கும் பின்னர் தேயிலைக்குமாக மலைக்காடுகள் பெருமளவில் வெட்டப்பட்டன. தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட நம் மக்களின் உழைப்பில்தான் அந்தத் தோட்டங்கள் எழுந்தன. உலகில் அழிந்துபோனதாகப் பதிவாகியுள்ள தவளை இனங்களில் கணிசமான பங்கு இலங்கையைச் சேர்ந்தது. தவளை கத்துவதால் அதன் மௌனமாவது நமக்குத் தெரியவரும். சிசிலியன் கத்துவதில்லை, வெளியே வருவதும் அரிது. அது குறைந்துபோனால் யார் கவனிப்பார்கள்?

ஈரூடகவாழிகள் தோலாலும் சுவாசிப்பவை. மண்ணிலும் நீரிலும் கலக்கும் களைகொல்லியும் பூச்சிகொல்லியும் அந்தத் தோல் வழியே உடம்புக்குள் போகக்கூடும். வளை மண்ணில், குஞ்சு ஓடையில் என்று வாழும் உயிருக்கு இரண்டு இடத்திலும் ஆபத்துத்தான். அந்த மண்ணைக் கொத்தி, அந்த ஓடையில் நீர் அள்ளும் தொழிலாளருக்கும் இது பொருந்தும் என்பதை நான் சொல்லத் தேவையில்லை.

கண்டால் என்ன செய்வது?

உடம்பு முழுவதும் நெருக்கமான வளைய மடிப்புகள், பிசுபிசுத்த ஈரத்தோல், மிகக் குட்டையான வால், வெளியே நீண்டு அசையாத நாக்கு ஆகியவை சிசிலியனின் அடையாளங்கள். பாம்பின் தோல் உலர்ந்து செதில் தெரிய இருக்கும். இலங்கையின் சிசிலியன்கள் மனிதருக்குத் தீங்கு செய்வதில்லை. ஆயினும் மலையகத்தில் விஷப்பாம்புகளும் உண்டு. சந்தேகம் இருந்தால் தொடாமல் விலகி நில்லுங்கள், அது தானாகப் போய்விடும். சிசிலியன்தான் என்று நிச்சயமாகத் தெரிந்தால், மண்வெட்டியால் ஈர மண்ணோடு ஏந்தி நிழலான இடத்தில் விடலாம். அதன் தோல் கசிவு எரிச்சல் தரக்கூடும் என்பதால், கை பட்டால் கழுவிக்கொள்ளுங்கள்.

வடகிழக்கு இந்தியாவிலும் மக்கள் இவற்றை விஷப்பாம்பென்று எண்ணிக் கொன்றுவந்தனர். 2012இல் டெல்லிப் பல்கலைக்கழகத்தின் சத்தியபாமா தாஸ் பிஜுவின் குழுவினர் அங்கு சிசிலியன்களின் புதிய குடும்பம் ஒன்றை அறிவித்தபோது, 'சிக்கிலா' என்ற பேரினப் பெயரை அங்குள்ள காரோ மக்களின் மொழியிலிருந்தே எடுத்தார்கள். நமது தோட்டங்களிலும் முதியவர்களிடம் இதற்கு ஒரு பெயர் இருக்கக்கூடும். கேட்டு எழுதி வையுங்கள். பிள்ளைகள் அதைப் பாம்பென்று அலறாமல் பெயர் சொல்லி அழைக்கத் தொடங்கினால், தடி எடுக்கும் கையும் தயங்கும்.