கடலைக்குள் ஒரு கலகம்

வேர்க்கடலை என்ன செய்யும்? வறுத்துக் கொறிக்கலாம், செக்கில் ஆட்டலாம். செனகலில் அது ஓர் அரசாங்கத்துக்கே வயிற்றுவலி கொடுத்தது.

மேற்கு ஆப்பிரிக்க நாடான செனகலை ஆண்ட பிரெஞ்சுக்காரர்களுக்கு எண்ணெய் ஆலைகளுக்குச் சரக்கு வேண்டும். கம்பும் சோளமும் விளைந்த பூமியில் கடலையைப் போட வைத்தார்கள். அப்போ சாப்பாட்டுக்கு? வெளியிலிருந்து கப்பலில் அரிசி வரும், காசு கொடுத்து வாங்கிக்கோ!

1960-ல் சுதந்திரம். கொடி மாறியது, கணக்குப் புத்தகம் மாறவில்லை. விதை கடன், உரம் கடன். விளைந்த கடலையோ அரசு வைத்த விலைக்குத்தான் போகும். மழை பொய்க்கலாம், கடன் மட்டும் பொய்க்காது.

இந்தக் கணக்கைத் திரையில் போட்டு உடைத்தவர் சஃபி ஃபாய். 1943-ல் டாக்கரில் பிறந்தவர், செரேர் இனத்துப் பெண். முதலில் பள்ளிக்கூட டீச்சர். 1966-ல் டாக்கரில் நடந்த கறுப்பினக் கலைவிழாவில் பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ழான் ரூஷைச் சந்தித்தார். அவர் படத்தில் நடித்தார். பிறகு பாரிஸுக்குப் போய் இனவரைவியலும் சினிமாவும் படித்தார்.

கேமராவோடு அவர் போன இடம், பெற்றோரின் சொந்தக் கிராமம். அங்கே உருவான படம் 1975-ல் வந்த 'கத்து பெய்காத்'. வொலோஃப் மொழியில் 'குடியானவன் குரல்' என்று அர்த்தம். கறுப்பு வெள்ளைப் படம். ஸ்டார் கிடையாது, ஊர்க்காரர்களே நடித்தார்கள்.

கதையும் சின்னதுதான். ங்கோர் என்ற இளைஞனுக்குக் கும்பாவைக் கட்டிக்க ஆசை. பரிசப் பணம் இல்லை, வெள்ளாமையும் போச்சு. டாக்கருக்குப் போய்க் கிடைத்த வேலையைச் செய்கிறான், சுரண்டலையும் அனுபவிக்கிறான். ஊர் திரும்பி, பட்டதையெல்லாம் சொல்கிறான். நடுநடுவே பெரியவர்கள் மரத்தடியில் உட்கார்ந்து கடலையையும் கடனையும் அரசாங்கத்தையும் அலசுகிறார்கள். மொத்தப் படமும் ஊரிலிருந்து எழுதிய கடிதம் மாதிரி, சஃபியின் குரலில் நகர்கிறது.

இதில் வேடிக்கை என்னவென்றால், படத்துக்குப் பண உதவி செய்தது பிரெஞ்சு அரசின் அமைச்சகம். தடை போட்டது சுதந்திர செனகல்! அப்போது அதிபர் செங்கோர், உலகம் கொண்டாடிய கவிஞர். கவிஞரின் நாட்டில் குடியானவன் வாய் திறக்கக் கூடாதாம். 1976 பெர்லின் விழாவில் சர்வதேச விமர்சகர்கள் விருது கொடுத்தார்கள். சஹாராவுக்குத் தெற்கேயுள்ள ஆப்பிரிக்கப் பெண் ஒருவர் இயக்கி, வணிகரீதியாக வெளியான முதல் முழுநீளப் படமும் இதுதான்.

படத்தால் கடலை விலை ஏறிவிட்டதா? இல்லை. கொள்முதல் செய்த அரசு நிறுவனத்தை 1980-ல் இழுத்து மூடினார்கள். அதற்குக் காரணம் சினிமா அல்ல, நிர்வாகச் சீர்கேடு. ஆனால், மரத்தடியில் அந்தக் குடியானவர்கள் சொன்னது பொய்யில்லை என்று அன்றைக்கு ஊருக்கே புரிந்தது.

சஃபி அசரவில்லை. அடுத்து 1979-ல் 'ஃபட்ஜால்'. இந்த முறை கிராமத்துச் சரித்திரம், நிலம் யாருக்குச் சொந்தம் என்ற கேள்வி. 2023 பிப்ரவரியில் சஃபி காலமானார்.

குடியானவனைப் பற்றிப் பேச ஆயிரம் பேர் உண்டு. அவனையே பேசவிட்டு, எதிரே உட்கார்ந்து கேட்டார் பாருங்கள், அரசாங்கம் பயந்தது அதற்குத்தான்.