செங் ஹே: மூணு சாமிக்கு ஒரே சீர்வரிசை

கடல் பயணம்னாலே நமக்குப் பள்ளிக்கூடத்துல மனப்பாடம் பண்ணின கொலம்பஸும் வாஸ்கோடகாமாவும்தான் ஞாபகத்துக்கு வருவாங்க. 1492-ல் கொலம்பஸ் கிளம்பியது மூணே மூணு கப்பல், சுமார் 90 பேரோடு. அதுக்கு 87 வருஷம் முன்னாடியே, 1405-ல், சீனாவிலிருந்து ஒரு கடற்படை கிளம்புச்சு. ஆட்கள் மட்டுமே 27,000-க்கு மேல! தளபதி பேரு செங் ஹே.

1371-ல் யுன்னானில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். கடலே எட்டிப் பார்க்காத மலைநாடு அது. 1381-ல் மிங் படை உள்ளே புகுந்தப்ப அப்பா செத்துட்டார். பையனைப் பிடிச்சு, ஆண்மை நீக்கி, சு தி என்ற இளவரசரிடம் வேலைக்கு விட்டாங்க. அந்த இளவரசர் 1402-ல் அண்ணன் மகனைத் தள்ளிட்டு யோங்லே பேரரசர் ஆனதும், கூடவே நின்ன செங் ஹேக்கு அடிச்சது யோகம்.

மொத்தம் ஏழு பயணம். கள்ளிக்கோட்டை, ஹோர்முஸ், ஆப்பிரிக்கக் கரைன்னு போய்க்கிட்டே இருந்திருக்காங்க. (ஆப்பிரிக்காவின் மலிந்தியிலிருந்து பீஜிங்குக்கு ஒட்டகச்சிவிங்கி போன கதை தனி. புராண மிருகம்னு நினைச்சுக் கொண்டாடினாங்களாம்!)

நமக்கு நெருக்கமான சமாச்சாரம் இலங்கையில் இருக்கு. 1409 தேதியிட்ட ஒரு கல்வெட்டு. சீனம், தமிழ், பாரசீகம்னு மூணு மொழி. சிங்களம் கிடையாது. இந்தக் கடலில் வியாபாரம் பண்ணினவங்க எந்த மொழி பேசினாங்கன்னு இதைவிட யாரு சாட்சி சொல்லணும்? சீனப் பகுதி புத்தருக்குக் காணிக்கை வைக்குது. தமிழ்ப் பகுதி தேவுந்தரை கோயிலின் தெனாவரை நாயனாருக்கு, அதாவது பெருமாளுக்கு. பாரசீகம் இஸ்லாத்துக்கு. பொன் 1,000, வெள்ளி 5,000, பட்டு, வாசனை எண்ணெய்னு சீர்வரிசை மட்டும் கிட்டத்தட்ட ஒண்ணேதான்.

மதநல்லிணக்கம்னு புல்லரிச்சுப் போறதுக்கு முன்னாடி அடுத்த காட்சியையும் பாருங்க. அதே பயணத்தில் அழகக்கோன் என்ற இலங்கை ஆட்சியாளரோடு சண்டை வந்து, அவரைக் குடும்பத்தோடு பிடிச்சு 1411-ல் சீனாவுக்குக் கொண்டுபோயிட்டார் செங் ஹே. பேரரசர் மன்னிச்சு விட்டார்ங்கறது வேற விஷயம். இன்னிக்கு சீன அரசு இவரை 'சமாதானத் தூதர்'னு கொண்டாடுது; 2005-ல் 600-வது ஆண்டு விழாகூட எடுத்தாங்க. நாடு பிடிச்சுக் குடியேறலைங்கறது உண்மை. ஆனா 27,000 பேரோட வந்து வாசலில் நிக்கிறவரை யாராவது 'சும்மா பார்க்க வந்தார்'னு நினைப்பாங்களா? காணிக்கைத் தட்டுக்குப் பின்னாடி ஈட்டியும் இருந்துச்சு. என்னைக் கேட்டா, ரெண்டையும் சேர்த்துப் பார்த்தாத்தான் மனுஷர் முழுசா தெரியறார்.

1424-ல் யோங்லே போனதும் நிலைமை மாறிடுச்சு. கப்பலுக்குக் கொட்டுற காசு வீண்னு அரசவைக்காரங்க முணுமுணுத்தாங்க. 1433-ல் ஏழாவது பயணம் முடிஞ்சதோட சரி, மூட்டை கட்டிட்டாங்க. பயண ஆவணங்களையே பிற்பாடு ஒரு அதிகாரி ஒளிச்சோ எரிச்சோ விட்டார்னு சொல்றாங்க. சொந்த ஊரில் பேர் மங்கினாலும், ஜாவாவின் செமாராங்கில் சாம் பூ கோங்னு கோயில் கட்டிக் கும்பிடறாங்க. முஸ்லிமாப் பிறந்தவருக்கு ஊதுபத்தி!

அந்தக் கல்லு? 1911-ல் காலி நகரில் ஒரு மதகுக்கு மூடியாகக் கிடந்திருக்கு. நல்லவேளை, எழுத்து இருந்த பக்கம் கீழே பார்த்து இருந்துச்சு. இப்ப கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கு. அந்தப் பக்கம் போனா தமிழ்ப் பகுதியை ஒரு எட்டு பார்த்துட்டு வாங்க.