வாசிப்பு வந்த வழி – 14: கொலைகாரன் டொக்டர்

கோயில் மண்டபத்துப் புராணபடனத்தோடு போன வாரம் நிறுத்தியிருந்தேன். ஒருவர் பாட்டை இழுத்து வாசிப்பார். இன்னொருவர் பயன் சொல்வார். சூரபன்மன் மாமரமாய் நிற்கப் போவதும், வேல் பட்டு மயிலும் சேவலுமாய்ப் பிளக்கப் போவதும் சபையிலுள்ள சின்னப் பிள்ளைக்கும் தெரியும். தெரிந்த கதையைத் திரும்பக் கேட்கத்தான் சனம் வந்து குந்தியிருக்கும். பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை எங்கள் வாழ்க்கைக்குக் ‘கந்தபுராணக் கலாசாரம்’ என்று பெயர் வைத்தது சும்மா இல்லை. அந்தக் கலாசாரத்தில் வளர்ந்த பிள்ளையின் கையில், முடிவு முன்கூட்டித் தெரிந்தால் செத்துப்போகிற ஒரு புத்தகம் கிடைத்தால் என்ன நடக்கும்?

எனக்கு அது எங்கள் தீவுக் கிராமமான சுருவிலின் வாசிகசாலையில் கிடைத்தது. எழுபதுகளின் நடுப்பகுதி. அட்டையும் முதல் சில பக்கங்களும் போய்விட்டன. தலைப்பும் தெரியாது, எழுதியவரும் தெரியாது. சீமெந்துப் பையின் பழுப்புத் தாளில் உறை போட்டு, முதுகை வலை நூலால் தைத்திருந்தார்கள். மீதமிருந்த முதல் பக்கத்தின் தலையில், நீல மையில், கொட்டை எழுத்தில் யாரோ ஒரு புண்ணியவான் எழுதி வைத்திருந்தார்: ‘கொலைகாரன் டொக்டர்.’

எனக்கு அழுகை வந்துவிட்டது. புத்தகத்தைத் தந்த அண்ணரிடம் போய் முறையிட்டேன். “நீ முழுக்க வாசியடா மோனை, பிறகு வந்து கதை” என்றார். வாசித்தேன். டொக்டர் நுழைந்த இடமெல்லாம் நெஞ்சு அடித்துக்கொண்டது. கடைசியில் பார்த்தால் டொக்டர் அல்ல. தோட்டக்காரனைப் போல வேடம் போட்டிருந்த மருமகன்! அந்தப் பக்கத்தில் பொய் எழுதி வைத்தவர் ஊரில் யார் என்று இன்றுவரை துப்பு இல்லை. புத்தகத்தை எழுதியவரைவிட அவர் கெட்டிக்காரர் என்பது மட்டும் என் முடிவு.

துப்பு என்ற சொல்லையும் கொஞ்சம் பார்த்துவிடுவோம். வள்ளுவர் ‘ஒற்றாடல்’ என்று ஓர் அதிகாரமே வைத்திருக்கிறார். ஆனால் ஒற்றன் கண்டதை அரசனிடம் போய்ச் சொல்கிறவன். துப்பறிகிறவனோ கண்டதை எல்லோருக்கும் முன்னால், கடைசி அத்தியாயத்தில், குற்றவாளியையும் உட்கார வைத்துக்கொண்டு சொல்கிறான். இப்படி ஒருவன் இலக்கியத்துக்குள் வருவதற்கு 1841 வரை உலகம் காத்திருந்தது. அமெரிக்காவின் எட்கர் அலன் போ அப்போது பாரிஸ் நகரத்துத் துப்பாளி ஒருவரைப் படைத்தார். 1887-இல் கோனன் டொயிலின் ஷெர்லக் ஹோம்ஸ் வந்தார்.

இந்த ஹோம்ஸ் தமிழுக்கு வருவதற்கு முன்பே திருகோணமலைக்கு வந்துவிட்டார் என்பது எங்களில் பலருக்குத் தெரியாது. 1891-இல் ‘ஸ்ட்ராண்ட்’ சஞ்சிகையில் வெளியான கதையொன்றின் தொடக்கத்தில், திருகோணமலையில் அட்கின்சன் சகோதரர்களுக்கு நேர்ந்த விசித்திரமான துயரத்தை ஹோம்ஸ் துலக்கியதாக ஒரு வரி வருகிறது. என்ன துயரம், யார் செய்தது என்று கோனன் டொயில் சொல்லவே இல்லை. ஈழத்து மண்ணில் நடந்த முதல் துப்பறியும் கதை எழுதப்படாமலே முடிந்துபோனது!

மூன்று ஆண்டு கழித்து, 1894-இல், சென்னையில் பண்டித நடேச சாஸ்திரி ‘தானவன்’ என்ற பொலிஸ் நிபுணனைக் கொண்டு வந்தார். தமிழின் முதல் துப்பறிவாளன் அவன்தான். கைரேகைக்கென்று உலகின் முதல் பணியகம் கல்கத்தாவில் திறக்கப்பட்டதே 1897-இல்தான். தானவன் அதற்கும் மூத்தவன். நடேச சாஸ்திரி நாட்டார் கதைகளைத் திரட்டியவர் என்பதையும் மறக்கக் கூடாது. பாட்டி கதைக்கும் பொலிஸ் கதைக்கும் நடுவே ஒருவர் தயக்கமில்லாமல் நின்ற காலம் அது. அடுத்த ஆண்டு, 1895-இல், எங்கள் திருகோணமலை சரவணமுத்துப்பிள்ளை ‘மோகனாங்கி’யைச் சென்னையில் வெளியிட்டார். அவர் போனது சரித்திரத்தின் பக்கம். துப்பறியும் பக்கம் அல்ல. ஈழத்து நாவல் அங்கேயே வழி பிரிந்துவிட்டது என்று எனக்குத் தோன்றும்.

தமிழகத்தில் பிறகு வெள்ளம்தான். ஜே.ஆர். ரங்கராஜுவின் ‘இராஜாம்பாள்’ 1908-இல் வந்தது. அவருடைய துப்பறியும் கோவிந்தன் வீடுவீடாகப் புகுந்தான். ஆரணி குப்புசாமி முதலியார் ஹோம்ஸை ‘ஆனந்தசிங்’ ஆக்கிக் காலில் செருப்பு மாற்றி நடக்க விட்டார். வடுவூர் துரைசாமி ஐயங்கார் படைத்தது திகம்பர சாமியார்: துப்பறிகிற ஒரு சாமியார்! 1950-இல் அந்தக் கதை படமானபோது நம்பியார் வேடத்துக்கு மேல் வேடம் கட்டி நடித்தார். இவையெல்லாம் குப்பை என்று அந்தக் காலத்துப் பெரியவர்கள் திட்டினார்கள். ஆனால் ரங்கராஜுவின் ‘சந்திரகாந்தா’ தோலுரித்தது மடாதிபதிகளை; மேடையில் பேசினால் கல் விழக்கூடிய விஷயத்தை அவர் கொலைக்கதைக்குள் சுருட்டிக் கொடுத்தார்.

இன்னொன்றும் நடந்தது. புராணத்தைப் பத்துப் பேர் கூடிக் கேட்டார்கள். மர்ம நாவலை ஒருவர் தனியே, வாயசைக்காமல், விறாந்தை மூலையில் வாசித்தார். “முடிவைச் சொன்னியெண்டா உன்னோட கதைக்கமாட்டன்” என்ற வெருட்டல் இதற்கு முன் எங்கள் வீடுகளில் கேட்டிருக்க நியாயமில்லை. கந்தபுராணத்தின் முடிவைச் சொல்லக் கூடாது என்று யார் வெருட்டுவார்கள்?

தீவுக்கு இந்தப் புத்தகங்கள் வந்தது பெரும்பாலும் கடைக்காரர் மூலம். வேலணை, புங்குடுதீவு, நாரந்தனை என்று எங்கள் பக்கத்து ஆண்கள் பலர் தென்னிலங்கைப் பட்டினங்களில் கடை வைத்திருந்தார்கள். திருவிழாவுக்கு வரும்போது பெட்டியில் சீலை, பேரீச்சம்பழம், அடியில் சஞ்சிகைக் கட்டு. என் அப்பு அப்படித்தான் ‘ஆனந்த விகடன்’ கொண்டு வந்தார். அதில் 1942 தொடக்கம் தேவன் எழுதிய ‘துப்பறியும் சாம்பு’வின் பக்கங்களை ஆச்சி கத்தரித்துச் சேர்த்து, அப்பளம் கட்டும் நூலால் தைத்துப் பெட்டகத்தில் வைத்திருந்தார். சாம்பு ஒரு சுத்த அசடு. தவறி விழுந்த இடத்தில் திருடனும் விழுந்து கிடப்பான். இன்ஸ்பெக்டர் கோபாலன் அசந்து போவார். வெள்ளைக்காரனின் ஹோம்ஸுக்குத் தமிழ் கொடுத்த மிகச் சிறந்த பதில் சாம்புதான். அறிவால் உலகம் துலங்கும் என்பதை முழுதாக நம்பாத ஒரு சமூகத்தின் சிரிப்பு அது.

எங்கள் தலைமுறைக்குத் தமிழ்வாணனின் சங்கர்லால். அவரைப் போலத் தேநீர் குடித்தால் மூளை வேலை செய்யும் என்று நம்பி நாங்கள் குடித்த தேநீருக்குக் கணக்கில்லை. சுஜாதாவின் கணேஷ் 1968-இல் ‘நைலான் கயிறு’ மூலம் குமுதத்தில் வந்தான். பொலிஸும் அல்ல, சாமியாரும் அல்ல, வக்கீல். எழுபதுகளின் தொடக்கத்தில் சிறிமாவோ அரசு இந்தியச் சஞ்சிகைகளைக் கட்டுப்படுத்தியதும் பழைய பிரதிகளுக்குக் கிராக்கி கூடியது. நான் வாசித்த அட்டையில்லாப் புத்தகம் அத்தனை கைமாறியதற்கும் அதுவே காரணம். அந்த இடைவெளியில் வீரகேசரி பிரசுரம் உள்ளூர் நாவல்களை மலிவு விலையில் இறக்கியது. மர்மக் கதைகளும் எழுதப்பட்டன. ஆனாலும் ஒரு சங்கர்லாலோ ஒரு சாம்புவோ ஈழத்தில் நிலைக்கவில்லை.

ஏன்? கைலாசபதியும் சிவத்தம்பியும் முன்னின்ற முற்போக்கு விமர்சனம் யதார்த்தத்தைக் கேட்டது. சாதியையும் வர்க்கத்தையும் எழுதச் சொன்னது. அதில் பிழை இல்லை. மர்மக் கதை எழுதினவர் மட்டும் வெட்கப்பட்டுப் புனைபெயருக்குள் ஒளிய வேண்டியதாயிற்று. அது பாதிக் காரணம். மறு பாதி, சி.ஐ.டி. என்ற சொல்லுக்கு நடந்தது. 1970-இல் ஜெய்சங்கர் ‘சி.ஐ.டி. சங்கர்’ ஆக நடித்தபோது பெடியள் அந்தப் பெயரில் விளையாடினார்கள். 1979-இல் பயங்கரவாதத் தடைச் சட்டம் வந்தது. அதன்பின் சி.ஐ.டி.யின் ‘நாலாம் மாடி’ என்றால் கொழும்பில் எந்தக் கட்டடம் என்று சுருவில் ஆச்சிமாருக்கும் தெரிந்திருந்தது. துப்பறிகிறவனைக் கண்டு வாசகன் பயப்படுகிற ஊரில் துப்பறியும் கதை எழும்பாது. யார் செய்தது என்று கேட்பதற்கே ஆள் பார்த்துக் கேட்க வேண்டியிருந்தது.

1990 ஓகஸ்ட்டில் இராணுவம் தீவகத்துக்குள் இறங்கியபோது ஊரில் பெரும்பகுதி வெளியேறியது. பெட்டகத்தை யாரும் தூக்கிக்கொண்டு போகவில்லை. யாழ்ப்பாணத்தில், பொருளாதாரத் தடைக்குள், ஜாம் போத்தல் விளக்கில் நான் மறுபடி வாசித்தது இரவல் வாங்கிய ராஜேஷ்குமார்தான். மண்ணெண்ணெய் விலைக்கு இரவில் நாலு பக்கத்துக்கு மேல் முடியாது. கொலைகாரனைப் பிடிக்கப் பத்து நாள் சென்றது.

ஆச்சி தைத்த சாம்பு கிடைக்கவில்லை. உங்களில் யாராவது தீவகத்திலிருந்தோ வேறெங்கிருந்தோ எடுத்துப்போன பழைய மர்ம நாவல், தைத்த தொடர்கதை, இன்று ரொறன்ரோவிலோ பாரிஸிலோ ஓர் அலுமாரியில் கிடந்தால் நூலக நிறுவனத்துக்குப் பிரதி எடுத்துக் கொடுங்கள். இலங்கையில் அச்சானது என்றால் அதை முதலில் கொடுங்கள். அட்டை இல்லாவிட்டாலும் பரவாயில்லை. முதல் பக்கத்தில் யாராவது கொலைகாரனின் பெயரை எழுதி வைத்திருந்தால், அதை அழிக்காமல் அந்தப் பக்கத்தையும் சேர்த்து ஸ்கான் பண்ணுங்கள்.